சிவப்புக் கைபிடி

"இந்த முறையும் நிறம் பிடிக்கேல்லை," என்று வினோதன் மாஸ்டர் கரண்டியைத் தூக்கி எறிந்தார்.

கொதிக்கும் சட்டிக்குள் துணிச் சாயம் கறுப்பாக நுரைத்தது. உள்ளே கிடந்த பிளாஸ்டிக் கைபிடி மட்டும் சிவப்பாகவே இருந்தது. நாளை பாடசாலை இல்லங்களுக்கிடையிலான விளையாட்டுப் போட்டியில் ஓட்டங்களை அவர் தொடக்கி வைக்கும் துப்பாக்கியின் கைபிடி அது.

"பசார்க் கடைக்காரன் சாயம் சேலைக்கோ எண்டு கேக்கிறான். திருகோணமலையில நிண்டு துவக்குக்கு எண்டு சொல்ல ஏலுமோ? எல்லாம் அந்த நீல இல்ல ரீச்சரால வந்தது. கைபிடி சிவப்பெண்டதாலதான் சிவப்பு இல்லம் வெல்லுதாம். அதிபரிட்டப் போய்ச் சொல்லியிருக்கிறா. ஓடுறது பிள்ளையளோ, கைபிடியோ?"

"தோத்த பிள்ளையள் அழுதா அவவுக்கும் கவலைதானே," என்றாள் மனைவி ஜெயரூபி. "கொஞ்சம் வினாகிரி விடுங்கோ, பிடிக்கும்."

"வினாகிரியை அந்த ரீச்சரின்ர வாயிலதான் விடவேணும்."

ஜெயரூபி தானே வினாகிரியை ஊற்றி அடுப்பைக் கூட்டிவிட்டாள்.

சட்டி பழுதாகி, குசினிச் சுவரெல்லாம் கறை தெறித்த பிறகு, கைபிடி கன்னங்கரேலென்று வெளியே வந்தது. மாஸ்டர் அதைத் துப்பாக்கியில் பூட்டி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"இனி அந்த ரீச்சர் என்ன கதைக்கிறா எண்டு பாப்பம்."

ஜெயரூபி கையைத் துடைத்துக்கொண்டு, போட்டிக்குக் கட்டவேண்டிய நீலச் சேலையை எடுத்து அயன் பண்ணத் தொடங்கினாள்.

"கறுப்பு எங்கட இல்லத்துக்கு ஆகாது," என்றாள். "காலமை அதிபரிட்டச் சொல்லப்போறன்."