ஜப்திக்கு வந்தவர்

கான்ட்ராக்டர் மீசையை முறுக்கிக்கொண்டு கோர்ட் அமீனாவோடு அந்த அரசு அலுவலகத்துக்குள் நுழைந்தார். குழாய் பதித்த வேலைக்குப் பணம் தராமல் வருஷக்கணக்கில் அவரை அலைக்கழித்த அலுவலகம் அது. மேஜை, நாற்காலிகளை ஜப்தி செய்யக் கோர்ட் உத்தரவிட்டிருந்தது. நாற்காலியில் கைவைத்தால் செக் பறந்து வரும் என்று வக்கீல் சொல்லியிருந்தார்.

மேனேஜரம்மா உத்தரவைப் படித்துவிட்டு எழுந்து நின்றாள்.

"என் நாற்காலியிலேருந்தே ஆரம்பிங்க சார்."

"செக் குடுத்தீங்கன்னா இப்பவே நிறுத்திடறேன் மேடம்."

"ஐயையோ, நிறுத்திடாதீங்க! அந்த உடைஞ்ச பீரோவையும் சேர்த்துக்குங்க. லாரியில ஏத்த எங்க ஆளுங்களும் வருவாங்க."

அறை காலியானதும் மேனேஜரம்மா கைகூப்பினாள்.

"பெரிய உபகாரம் சார். இந்தப் பழசையெல்லாம் கழிச்சுக்கட்ட மேலிடத்துல கையெழுத்தே வாங்க முடியல. பழசு இருக்கறவரைக்கும் புதுசு கேக்கவும் முடியாது. உங்க புண்ணியத்துல நாளைக்கே புது மேஜை, நாற்காலிக்கு டெண்டர் விடறோம்."

கான்ட்ராக்டர் பல்லைக் கடித்துக்கொண்டு வாசல்வரை போனார். பிறகு திரும்பி வந்து, குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"டெண்டர் போடக் கடைசி தேதி எப்போ மேடம்?"