மறக்க முடியாத மூஞ்சி

மறுபடியும் வாய்தாவாகிவிடுமோ என்ற எரிச்சலில் இருந்தார் மளிகைக்கடைக்காரர். கோர்ட் வராண்டா பெஞ்சில் ஒரு மெலிந்த மனிதர் நகர்ந்து இடம் கொடுத்ததுதான் தாமதம், அவரிடம் பொரிந்து தள்ளினார்.

"என் கழுத்துல கத்தியை வச்சு, கல்லாவை வழிச்சுட்டுப் போனவனுக்கு சர்க்கார் செலவுல வக்கீலாம்! கேட்டா, சட்டம் கொடுத்த உரிமையாம். அலையறது நான்!"

"அவன்தான்னு நிச்சயமாத் தெரியுங்களா?"

"என்னங்க நீங்க! அப்பவே ஸ்டேஷன்ல வரிசையா நிக்க வச்சாங்க. பார்த்த மாத்திரத்துல கை காட்டிட்டேன். அந்த மூஞ்சியை இந்த ஜென்மத்துல மறப்பேனா?"

அந்த மனிதர் தன் தண்ணீர் பாட்டிலை நீட்டினார். கடைக்காரர் மடமடவென்று குடித்துவிட்டு, அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"உங்க முகத்தைப் பார்த்தாலே தெரியுது, ஒரு ஈ எறும்புக்குக்கூட கெடுதல் நினைக்காதவர்னு. உங்களையும் இங்க அலைய விடறானுங்களே!"

அதற்குள் டவாலி வழக்கு எண்ணைச் சொல்லிக் கூவினார். கடைக்காரர் விருட்டென்று எழுந்தார். அந்த மனிதரும் எழுந்தார்.

"நீங்க உட்காருங்க, இது என் கேஸு."

"எனக்கும் இதே கேஸ்தாங்க" என்று சொல்லிவிட்டு, அவர் உள்ளே போய்க் குற்றவாளிக் கூண்டில் ஏறி நின்றார்.