அந்த ஆளைத் தூக்கு

"இந்த ஆளைத் தூக்கிடலாம்மா. வாயைத் திறந்தா மூட மாட்டேங்கிறான்."

எடிட்டர் ஒரு தட்டுத் தட்டினார். திரையில் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்த ஆள், கைக்குட்டையோடு காணாமல் போனார்.

பக்கத்தில் இருந்த பெண் இயக்குநருக்குப் பாதி உயிர் போயிற்று. அவர் எடுத்த முதல் ஆவணப்படம் இது. நாளை விழாவில், துறையின் பெரிய தலைகள் முன்னால் ஓட வேண்டும். ஒதுக்கியது பத்தே நிமிடம். கையில் இருந்ததோ ஒன்பது மணி நேரப் பேச்சு.

"சார், அவர் அழுத இடம் சார்! அதுக்காக நாலு நாள் காத்துக் கிடந்தேன்."

"அழுதா வெச்சுக்கணுமா? வெங்காயம் நறுக்கினாலும்தான் அழுகை வரும்."

எடிட்டரின் கத்தரிக்கு இரக்கம் கிடையாது. மூன்று நாள் மாநாட்டை ஒரே தும்மலாகச் சுருக்கிய மனிதர். அவருடைய மாடி அறைக்கு ஒரு சட்டம் உண்டு. திரையில் தெரிவது பெற்ற தாயே ஆனாலும் 'அந்த ஆள்'தான். பெயரோ உறவோ சொன்னால், சொன்னவர் படியிறங்க வேண்டியதுதான். சொந்தம் நுழைந்தால் கை நடுங்குமாம்.

"சரி, அந்தக் கரடிக் கதையாவது இருக்கட்டும் சார். சிரிப்பா இருக்கு."

"வடிகட்டின பொய்! கரடி எதிர்ல வந்துச்சாம், இவன் முறைச்சானாம், அது மன்னிப்புக் கேட்டுட்டுப் போச்சாம். அந்த ஆளு நாற்காலியை விட்டு எழுந்தாலே அதிசயம்!"

கரடியும் போயிற்று.

அரை மணி நேரத்தில் 'அந்த ஆள்' மொத்தமாகக் காலி. மிஞ்சியது பிடரி மட்டும், அதுவும் மூன்று விநாடி.

"படத்தோட நாயகனையே காணோமே சார்! நாளைக்கு என்னைக் கிழிச்சுத் தொங்க விடுவாங்க."

"போட்டுப் பாரும்மா, அப்புறம் அழு."

போட்டார். கூட வேலை செய்தவர்கள் ஆளுக்கொரு வரி சொல்ல, படம் பறந்தது. இயக்குநர் இரண்டு முறை சிரித்தார். முடிவில் மூக்கை உறிஞ்சினார்.

"இதான் சார் படம்!"

காபித் தட்டோடு வாசலிலேயே நின்று பார்த்த எடிட்டரின் மனைவி கைதட்ட முடியாமல் தவித்தார்.

"நாப்பது வருஷமா உங்க பேச்சைப் பாதியில வெட்ட ஒரு ஆள் கிடைக்கலையேன்னு ஏங்கினேன். கடைசியில உங்க ரிட்டயர்மென்ட் படத்துல உங்களை நீங்களே வெட்டிக்கிட்டீங்களே, மகராசன்!"