மூன்றாவது கோப்பை

மிசாவோ மூன்றாவது கோப்பையில் எப்போது தேநீர் ஊற்றினாள், அந்தச் சேதியைக் கேட்பதற்கு முன்பா பின்பா என்பது ரயில் டிரைவர் தொகாஷிக்கு இப்போது உறுதியாக நினைவில்லை. முன்பாகத்தான் இருக்க வேண்டும். அப்போது ஒரு சொட்டும் சிந்தவில்லை.

ஒரு கோப்பையை அவரிடம் நீட்டினாள். இன்னொன்றை மடியில் வைத்துக்கொண்டாள். மூன்றாவதைக் குனிந்து, பெஞ்சுக்கு முன்னால் தரைப் பலகையின் மேல் வைத்தாள்.

“கால் பட்டுடப் போகுதுக்கா. மேல எடுத்து வைக்கட்டுமா?”

“வேணாம் தம்பி. அது அவருக்கு. அங்கேயே இருக்கட்டும்.”

தொகாஷி காலை மடக்கிக்கொண்டார். அன்று அவருக்கு விடுமுறை. ஒரு நல்ல சேதியை நேரில் சொல்வதற்காக, பயணியாக டிக்கெட் எடுத்து உரிபெட்சு ஸ்டேஷனுக்கு வந்திருந்தார். வெளியே இடுப்பளவு பனி. அடுத்த வண்டிக்கு இரண்டு மணி நேரம் இருந்தது.

அந்த ஸ்டேஷனில் ஒரு காலத்தில் பதினொரு வண்டிகள் நின்றன. மரக்கட்டைகளும் பால் கேன்களும் ஏறின. நான்கு பேர் வேலை பார்த்தார்கள். முப்பத்து நான்கு வருடங்களுக்கு முன் ஆட்களை வேலையிலிருந்து நீக்கிவிட்டு, மரக் கட்டடத்தையும் இடித்தார்கள். அஸ்திவாரக் குழியில் ஜல்லியைக் கொட்டி நிரவி, சக்கரம் கழற்றிய, சரக்கு ரயிலின் பழைய கார்டு பெட்டி ஒன்றைக் கிரேனில் தூக்கி அதன் மேல் வைத்தார்கள். அன்றிலிருந்து அந்தப் பெட்டிதான் பயணிகள் காத்திருக்கும் அறை.

அதே வாரத்தில்தான் அங்கே தண்டவாளம் மாற்றிவிடும் பாயிண்ட்ஸ்மேன் ஹெய்சாகு, மிசாவோவின் கணவர், காணாமல் போனார். மதுக்கடைப் பெண் ஒருத்தியோடு கடைசி வண்டியில் சப்போரோ போய்விட்டதாக ஊர் பேசியது. குடித்தால் கை நீளும் ஆள், தொலைந்ததே நல்லது என்றும் சொன்னது. மிசாவோ எதையும் மறுக்கவில்லை. பெட்டியைத் தினமும் பெருக்கித் துடைத்துக்கொண்டு, அவர் வருவார் என்பது போல அங்கேயே கிடந்தாள். உள்ளே அவள் யாருடனோ பேசும் குரல் கேட்கிறது என்று பயந்து, பலர் பிளாட்பாரத்துப் பனியிலேயே நின்றார்கள்.

பிறகு நிற்பதற்கும் ஆளில்லாமல் போயிற்று. ஆளே ஏறாத ஸ்டேஷன்களை ரயில்வே ஒவ்வொன்றாக மூடியது. உரிபெட்சுவை மூடவிடாமல் வைத்திருந்தவள் மிசாவோ. தினமும் காலை வண்டியில் ஏறுவாள், அடுத்த ஊரில் இறங்குவாள், அடுத்த வண்டியில் திரும்பிவிடுவாள். தொழில் வழக்கப்படி தொகாஷி பிளாட்பாரத்தை நோக்கி விரலை நீட்டி, “ஏறுபவர் ஒருவர்” என்று உரக்கச் சொல்லிவிட்டுத்தான் கதவைச் சாத்துவார்.

ஒருநாள் பனிமூட்டத்தில் அவர் வாய், “ஏறுபவர் இருவர்” என்றது. எதைப் பார்த்து அப்படிச் சொன்னார் என்று அவருக்கே தெரியவில்லை. மிசாவோ வெடுக்கென்று திரும்பித் தன் முதுகுக்குப் பின்னால் பார்த்தாள். அந்த முகம் அவருக்கு மறக்கவே இல்லை. கணவர் மேல் அத்தனை ஆசையா என்று அன்று இரவெல்லாம் நினைத்துக்கொண்டிருந்தார்.

இப்போது, இந்த மார்ச்சோடு ரயில் பாதையையே மூடுகிறார்கள். அவள் ஒருத்தி ஏறி அதைக் காப்பாற்ற முடியாது. அவள் காத்திருக்கும் இடம் போய்விடுமே என்பதுதான் தொகாஷியை அரித்தது. டவுன் ஆபீசுக்கும் ரயில்வே ஆபீசுக்கும் நடையாக நடந்து கையெழுத்து வாங்கிவிட்டார்.

“இந்தப் பெட்டிய உங்களுக்கே குடுத்துட்டாங்கக்கா. ஏப்ரல்ல பனி உருகினதும் கிரேன் வரும். அலாக்காத் தூக்கி உங்க வீட்டு முன்னாலயே இறக்கிடுவாங்க. இனிமே அவருக்காக இவ்வளவு தூரம் நடக்க வேணாம்.”

நன்றி சொல்வாள், கொஞ்சம் அழவும் செய்வாள் என்று எதிர்பார்த்தார். தரையிலிருந்த கோப்பையின் ஆவி மட்டும் அசைந்தது. கூரையிலிருந்து பனி சரிந்து விழுந்தது. அவள் தரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“யாரக் கேட்டு வாங்கின?” என்றாள் கடைசியில். குரலில் கோபம் இல்லை.

“கேட்டா வேணாம்னுதான் சொல்லுவீங்க. பதினாறு வருஷமா உங்கள ஏத்தி இறக்குறேன். எனக்குத் தெரியாதா?”

“உனக்கு என்ன தெரியும்? விரல நீட்டி ஆள எண்ணத் தெரியும்.” அவள் லேசாகச் சிரித்தாள். “அதுலயும் ஒரே ஒரு நாள்தான் சரியா எண்ணின.”

தொகாஷிக்குப் புரியவில்லை. தேநீர் ஆறிக்கொண்டிருந்தது. அவள் வேறு எதையோ நினைத்தவள் போல, இங்கே வேலை பார்த்தவர்களைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தாள். ஸ்டேஷன் மாஸ்டர் ஹகோடாத்தேயில் மகள் வீட்டில் செத்துப்போனார். டிக்கெட் கொடுத்தவர் பால் பண்ணை வைத்து நொடித்துப்போய் எங்கோ தெற்கே போனார். மூட்டை ஏற்றியவர் முதியோர் இல்லத்தில் இருக்கிறார், யாரையும் அடையாளம் தெரிவதில்லை.

மூன்று பேரோடு நிறுத்திக்கொண்டாள்.

“ஹெய்சாகு அண்ணன் சப்போரோவுலேருந்து ஒரு கடுதாசியாவது போட்டாரா?” என்று தொகாஷி தயங்கிக் கேட்டார்.

மிசாவோ குனிந்து, கோப்பைக்குப் பக்கத்தில் தரைப் பலகையில் உள்ளங்கையை விரித்து வைத்தாள்.

“மெதுவாத் தூக்கச் சொல்லு தம்பி. அவரு இதுக்கு அடியிலதான் படுத்திருக்காரு.”