சோற்றுப் பசை

பாப்பாரப்பட்டியில் லாரி ஓனர் மாதப்பன் வீட்டு வாசலோடு வெயில் நின்றுவிடுகிறது, உள்ளே இருட்டு. "அவரு ஊர்ல இல்லீங்க," என்கிறாள் அவன் மனைவி ஜெயபிரியா. நஷ்டஈட்டு கேஸ் நடந்த ஆறு வருடமும் அவன் கோர்ட்டுக்கு வந்ததில்லை. "செரி, கதவுல ஒட்டிட்டுப் போறேன். பசை கொண்டாரல, ஒரு புடி சோறு இருந்தா குடுங்க," என்கிறார் கோர்ட் அமீனா பூபதி, ஜப்தி நோட்டீஸைப் பிடித்தபடி. எல்லா வீட்டிலும் அப்படித்தான் கேட்பார். வீட்டை அடையாளம் காட்டச் சித்தேரியிலிருந்து முதல் பஸ்ஸில் வந்த கருப்பி வேப்பமரத்தடியில் நிற்கிறாள். தொப்பூர் கணவாயில் மாதப்பனின் லாரி மோதி இறந்தது அவள் புருஷன். உள்ளே கரண்டி சட்டியின் அடியைச் சுரண்டும் சத்தம் வெகுநேரம் கேட்கிறது. ஜெயபிரியா உள்ளங்கையில் சோற்றோடு வந்து, அதை நோட்டீஸின் முதுகில் மசித்துத் தேய்த்து, தன் வீட்டுக் கதவில் தானே ஒட்டுகிறாள். ஓரம் தூக்காதபடி நீவியும் விடுகிறாள். பிறகு பருக்கை ஒட்டிய கையை முந்தானைக்குள் மறைத்துக்கொள்கிறாள். அப்போது உள்ளே ஓர் ஆண் இருமுகிறான். அடக்கப் பார்த்து, முடியாமல், மறுபடியும். நோட்டீஸ் ஒட்டியதைத் தாளில் குறித்துக்கொண்டிருந்த பூபதியின் பேனா நிற்கிறது. "உள்ள ஆளு இருக்குதுங்களா? நீங்க ஒரு வார்த்த சொன்னா போய்ப் பாத்துர்றேன்," என்று கருப்பியிடம் கேட்கிறார். ஜெயபிரியா தலை நிமிரவில்லை. கருப்பி அவள் முந்தானையையே பார்க்கிறாள். "எனக்கு ஒண்ணும் கேக்கலீங்க." பூபதி 'ஆள் இல்லை' என்று எழுதித் தாளை நீட்டுகிறார். கருப்பி அதன் கீழே சாட்சியாகக் கைநாட்டு வைக்கிறாள். மை படிந்த பெருவிரலைத் துடைக்காமல், அவளும் கையை முந்தானைக்குள் மறைத்துக்கொள்கிறாள்.