படுக்கையறை வாசலில் ஒரு ஜோடி

நஜாத்தின் செருப்பு வார் அறுந்துதான் கிடந்தது. மிலூத்துக்கு அதில் சந்தேகமே இல்லை.

போன வருஷம் ஏப்ரலில் பீரங்கிச் சத்தம் தெருமுனைக்கு வந்தபோது, அதைத் தைத்துத் தரவில்லை என்று அவனைத் திட்டிக்கொண்டேதான் அவள் வேறு செருப்பில் காரில் ஏறினாள். ஊரில் உள்ள பம்பு மோட்டாரையெல்லாம் பிரித்து மாட்டுகிறவனுக்குப் பெண்டாட்டி செருப்பு மட்டும் கண்ணில் படாது என்றாள்.

பதினான்கு மாதம் கழித்து அதே செருப்பு, மூடிய படுக்கையறைக் கதவுக்கு முன்னால் ஜோடியாக இருக்கிறது. அறுந்த வார் சரிசெய்யப்பட்டிருக்கிறது.

யார் செய்தது?

வீட்டில் தங்கியிருந்த படையாட்கள் குழாய்களைக் கழற்றியிருந்தார்கள். சுவரைக் கீறி மின்கம்பியை உருவியிருந்தார்கள். சோபாவின் கால்களைக்கூட உடைத்துத் தேநீர் போட எரித்திருந்தார்கள். அப்படிப்பட்டவர்களில் எவன் உட்கார்ந்து ஒரு பெண்ணின் செருப்பைப் பழுது பார்த்தான்?

கிழக்கிலிருந்து வந்த அந்தப் படை, இரண்டே நாளில் திரிப்போலியைப் பிடித்துவிடுவோம் என்று சொல்லித்தான் நகரின் தெற்கோரமான இந்த ஐன் ஸாராவுக்குள் நுழைந்தது. சமையலறைச் சுவரில் கரியால் எழுதியிருந்தார்கள்: இந்த வெள்ளி, தொழுகை நகரச் சதுக்கத்தில். அதை அடித்துவிட்டு, அடுத்த வெள்ளி. அதையும் அடித்துவிட்டு, அதற்கடுத்த வெள்ளி. அடித்த வெள்ளிகள் கூரையைத் தொட்டிருந்தன.

சதுக்கம் இங்கிருந்து காரில் அரை மணி நேரம். அவர்கள் தெருமுனைப் பள்ளிவாசலைத் தாண்டவில்லை. போன வாரம் ஒரே இரவில் மூட்டை கட்டிக்கொண்டு போய்விட்டார்கள்.

போகும்போது சில வீடுகளில் வெடி கட்டிவிட்டுப் போனார்கள். மூன்றாவது வீட்டு அயாத் முந்தாநாள் திரும்பி வந்து தன் குளியலறைக் கதவைத் திறந்தான். நேற்று அவனை அடக்கம் செய்தார்கள்.

வெடி எடுக்கும் பொறியாளர்கள் இந்தத் தெருவுக்கு வர மூன்று வாரம் ஆகுமாம். நஜாத்துக்கு இது ஒன்பதாம் மாதம். இடம்பெயர்ந்த நாலு குடும்பத்தோடு ஒரு பள்ளி வகுப்பறையில், கரும்பலகைக்குக் கீழே படுத்திருக்கிறாள். பிள்ளையைத் தன் வீட்டுக்குத்தான் தூக்கி வருவேன் என்கிறாள்.

அதனால் மிலூத் காத்திருக்கவில்லை. வாசல் கதவைத் தொடாமல், கண்ணாடி இல்லாத சமையலறை ஜன்னல் வழியாக, மைத்துனன் ஷாபானோடு உள்ளே இறங்கினான். முதல் இரண்டு அறைக் கதவுகளையும் சுவரோரம் பதுங்கி நின்று நீளக் கழியால் தள்ளினார்கள். ஒன்றும் ஆகவில்லை. மூன்றாவது கதவுக்கு வருவதற்குள் ஷாபானுக்குக் கழி அலுத்துவிட்டது. கீழே போட்டுவிட்டான்.

மிலூத் மட்டும் சட்டென்று நின்றான். நின்றது அவன்கூட அல்ல, அவன் கால்.

அறை வாசலில் பெண்கள் செருப்புக் கிடந்தால், வீட்டுக்கு வந்த பெண்கள் உள்ளே இருக்கிறார்கள். ஆண்பிள்ளை அதற்குமேல் ஓர் அடி வைப்பதில்லை. தொண்டையைச் செருமுவான். யாராவது குரல் கொடுக்கும்வரை சுவரைப் பார்த்து நிற்பான். நடக்கப் பழகிய வயதில் வந்த பழக்கம், அதற்கு யோசனை தேவையில்லை.

மிலூத் செருமினான்.

ஷாபானுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. “அக்காவ ஸ்கூல்ல விட்டுட்டு வந்து ரெண்டு மணி நேரம்கூட ஆகல மச்சான். உள்ள யாரு உக்காந்து டீ குடிச்சிட்டிருக்கா?” என்றபடி கைப்பிடிக்குக் கையை நீட்டினான்.

மிலூத் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டான். அந்த வார்தான் மண்டையைக் குடைந்துகொண்டிருந்தது.

“இரு. இத யாரு சரி பண்ணினான்னு தெரியாம எனக்கு உள்ள போக மனசு வரல.”

செருப்பைத் தொடாமல் குனிந்து பார்த்தான். நூலால் தைக்கவில்லை. பச்சை உறை போட்ட மெல்லிய கம்பி. மூன்று சுற்று, ஒரு முறுக்கு. நுனியை வெளிப்பக்கமாக மடித்து அழுத்தியிருந்தது, போடுகிறவள் காலில் குத்தாதபடி. வேலை தெரிந்த கை.

பிறகு தரையில் கன்னம் படப் படுத்து, கைப்பேசி விளக்கைக் கதவுக்கு அடியில் பிடித்துப் பார்த்தான்.

கதவின் உள்பக்கம் பச்சைக் கம்பி ஒன்று தொங்கி, சுவரோரமாக ஓடி, கட்டிலுக்கு அடியில் போயிற்று. வளைவு வரும் இடத்தில் ஓர் ஆணியில் கட்டியிருந்தது. மூன்று சுற்று, ஒரு முறுக்கு.

வந்த காலடித் தடத்திலேயே அடி வைத்து இருவரும் ஜன்னல் வழியாக வெளியேறினார்கள். தெருவில் நின்று மிலூத் பொறியாளர்களை அழைத்தான். கண்ணால் பார்த்த வெடி என்றால் முன்னுரிமை உண்டு, நாளைக் காலையில் வருகிறோம் என்றார்கள்.

அதன் பிறகுதான் ஷாபானுக்கு விளக்கினான், மோட்டாரைப் பிரித்துக் காட்டுவதுபோல் நிதானமாக.

வெடி கட்டச் சொன்னார்கள், அந்தப் படையாள் கட்டியிருக்கிறான். எச்சரிக்கை எழுதி வைத்தால் கூட இருப்பவன் படிப்பான். கதவில் அடையாளம் போட்டால் தளபதி கேட்பான். மூலையில் கிடந்த ஒரு பெண்ணின் செருப்பை இடம் மாற்றி வைத்தால் எவனும் கவனிக்கமாட்டான். வீட்டுக்காரன் மட்டும் நிற்பான். ஆனால் வார் அறுந்த செருப்பு குப்பை, அதை யாராக இருந்தாலும் தாண்டிப் போவார்கள். காலில் போடக்கூடியதாக இருந்தால்தான் உள்ளே ஆள் இருப்பதாகத் தோன்றும்.

அதனால் மீந்த கம்பியில் ஒரு சாண் வெட்டி, வாரைக் கட்டினான்.