டோக்கன் பதினாலு

கவுன்சிலர் அலுவலகத்தில் அன்று மனு வாங்கும் நாள். புது உதவியாளர் பேனாவைத் திறந்தார்.

"டோக்கன் பதினாலு! என்னம்மா குறை?"

"மூணு வாரமா வாசல்ல சாக்கடை வழியுது. இப்ப வீட்டுக்குள்ளயே வந்துடுச்சு."

"கவுன்சிலர்கிட்ட சொன்னீங்களா?"

"தினமும் சொல்றேன். தலையை ஆட்டுறாரு."

உதவியாளர் குழம்பினார். "தினமுமா? அவரைப் பிடிக்க நாங்களே நாய்படாத பாடு படுறோம். உங்ககிட்ட மட்டும் எப்படிம்மா மாட்டுறாரு?"

"சாப்பிட உட்காருறப்போதான். 'எழுத்துல வந்தாதான் நடவடிக்கை'ன்னு சொல்லிட்டு, எந்திரிச்சுக் கை கழுவப் போயிடுறாரு."

உதவியாளருக்குத் தலை சுற்றியது. "சாப்பிடுற இடம் வரைக்கும் உங்களை யாரும்மா உள்ள விட்டது? முதல்ல விலாசத்தைச் சொல்லுங்க."

"கவுன்சிலர் வீடுன்னே எழுதிக்கோ, தம்பி. ரசீதை மறக்காம குடு. அடுத்த வேளை அவருக்குச் சோறு போடுறப்போ காட்டணும்."